வாசல் திறந்தது... ஃபைல்?

ஸ்ரீரங்கத்தில் என் பக்கத்து வீட்டு மாமா, அரசு வேலையில் இருந்து ரிடையரானவர். ஏழு வருஷமாகியும் கிராஜுவிட்டி வரவில்லை. கேஸ் நடக்கிறது... இல்லை, நிற்கிறது! ஏன் என்று கேட்டால் சொல்வாரில்லை.

2004-ல் மதுரையில் ஹைகோர்ட் கிளை வந்ததும் திருச்சிக்காரர்களுக்குச் சென்னை அலைச்சல் மிச்சம். காத்திருப்புதான் மிச்சமாகவில்லை.

பென்ஷன் தயவு அல்ல, உரிமை என்று நகாரா வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது 1982 டிசம்பர் 17-ல். அந்தத் தேதிதான் பென்ஷனர் தினம். மாமா தவறாமல் கூட்டத்துக்குப் போகிறார்.

"பரமபத வாசலே வருஷா வருஷம் திறக்கறது ஓய்! என் ஃபைல்தான்..." என்று சிரித்தவர், சட்டென்று குரலைத் தாழ்த்தினார். "பணம் வர்றப்போ கையெழுத்துப் போட நான் இருக்கணுமோன்னோ?"

தாமதத்தைக்கூடப் பொறுக்கலாம், ஸார். காரணத்தையாவது ஒரு தாளில் எழுதிக் கொடுங்களேன்!