கடிகார முள்ளுக்கும் கட்டளை

1976-இல் ஜான் ஸ்மித் எடுத்த 'தி கேர்ள் சூயிங் கம்' 12 நிமிடக் கறுப்பு வெள்ளைப் படம். லண்டன் டால்ஸ்டன் பகுதியில் ஒரு தெரு. இயக்குநரின் குரல் அதிகாரமாக ஒலிக்கிறது: பெரியவர் சாலையைக் கடக்கட்டும், அந்த வண்டி வரட்டும்! எல்லாம் அப்படியே நடக்கிறது. புறாக்கள்கூடப் பணிகின்றன. கடிகார முள்ளுக்கே உத்தரவு போடும்போதுதான் குட்டு உடைகிறது. வருபவர்கள் நடிகர்களே அல்ல, வழிப்போக்கர்கள். குரல் பிற்பாடு சேர்த்தது. அப்புறம் ஓர் இளைஞனைக் காட்டி, தபால் நிலையத்தைக் கொள்ளையடித்து வருகிறான் என்கிறார். குட்டு தெரிந்த பிறகும் அவன் நடையில் நமக்குக் கள்ளத்தனம் தெரிகிறதே, அதுதான் வேடிக்கை! அடுத்த முறை ஆவணப்படம் பார்க்கையில், கொஞ்ச நேரம் ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள்.