லே வாம்பீர்

லே வாம்பீர் என்பது 1915-1916 காலப்பகுதியில் வெளிவந்த பிரெஞ்சு ஊமைத் திரைப்படத் தொடராகும். கோமோன் நிறுவனத்துக்காக லூயி ஃபொயாட் இதனை எழுதி இயக்கினார். 10 பகுதிகளைக் கொண்ட இத்தொடர் ஏறத்தாழ 7 மணி நேரம் ஓடக்கூடியது. தலைப்பு "இரத்தக் காட்டேரிகள்" எனப் பொருள்படினும் இதில் காட்டேரிகள் எவையும் இல்லை. பாரிசு நகரைக் கலங்கடிக்கும் குற்றக் கும்பல் ஒன்றின் பெயரே அதுவாகும்.

கதை

பிலிப் கெராந்த் என்னும் செய்தியாளர், மசமெத் என்பவரின் துணையுடன் இக்கும்பலைத் துரத்துகிறார். கும்பலைச் சேர்ந்த இர்மா வெப் என்ற பெண்ணாக மியூசிடோரா நடித்தார். இப்பெயரின் பிரெஞ்சு எழுத்துக்களை மாற்றி அடுக்கினால் "வாம்பீர்" என்ற சொல் கிடைக்கும். மூன்றாம் பகுதியில் சுவரொட்டியிலுள்ள எழுத்துக்களே இடம்மாறி இதனைக் காட்டுகின்றன.

வரவேற்பு

முதலாம் உலகப் போரின்போது வெளியான இத்தொடர், குற்றங்களைக் கவர்ச்சியாகக் காட்டுவதாகக் குறைகூறப்பட்டது. பாரிசுக் காவல்துறை சிறிதுகாலம் தடையும் விதித்தது. எனினும் பொதுமக்கள் விரும்பிப் பார்த்தனர். 1917 இல் வெளியான "ஜூதெக்சு" தொடரில் ஃபொயாட், குற்றவாளிகளுக்கு மாறாக, நீதிக்காகப் போராடும் ஒருவனை நாயகனாக்கினார். ஆந்திரே பிரெத்தோன், லூயி அராகொன் முதலிய சர்ரியலிசக் கவிஞர்கள் லே வாம்பீரைப் பெரிதும் போற்றினர். பல காட்சிகள் உண்மையான தெருக்களிலேயே படமாக்கப்பட்டமையால், போர்க்காலப் பாரிசின் தோற்றத்தையும் இத்தொடரில் காணலாம்.