தப்பு செய்தவனை எதற்குக் கேட்பது?

“அனுமதி வாங்காமல் கட்டியிருக்கிறான். ஊருக்கே தெரியும். அப்புறம் அவனை எதற்குக் கூப்பிட்டுக் கேட்க வேண்டும்?” இடிப்பு பற்றிப் பேச்சு வந்தால் யாராவது ஒருவர் இப்படிக் கேட்டுவிடுவார். நியாயமான கேள்விதான். டீயை எடுத்துக்கொள்ளுங்கள், நிதானமாகப் பார்ப்போம்.

லண்டனில் வாண்ட்ஸ்வொர்த் பகுதியில் கூப்பர் என்ற கட்டடக்காரர் ஒரு வீடு கட்டினார். வேலை தொடங்குவதற்கு ஏழு நாள் முன்பே வட்டார வாரியத்துக்குத் தகவல் தர வேண்டும், தராவிட்டால் வாரியம் இடிக்கலாம் என்றது 1855-ஆம் ஆண்டுச் சட்டம். வீடு இரண்டாவது மாடி வரை எழும்பிய சமயம், பொழுது சாய்ந்தபின் வாரியத்து ஆட்கள் வந்து இடித்துத் தள்ளினார்கள். ‘கேட்டுவிட்டு இடி’ என்று சட்டத்தில் ஒரு வரிகூடக் கிடையாது. ஆனாலும் 1863-இல் கூப்பர்தான் ஜெயித்தார். அனுப்பிய தகவல் வழியில் தவறியிருக்கலாம். கேட்டிருந்தால் வாரியமே இடிப்பதை விட்டு வேறு முடிவெடுத்திருக்கலாம் என்றார்கள் நீதிபதிகள்.

பலர் தாண்டிப் போய்விடும் இடம் இதுதான். செய்தானா இல்லையா என்பது ஒரு கேள்வி. செய்ததற்கு என்ன செய்வது என்பது இன்னொன்று. அபராதம் போதுமா, ஒரு சுவரை எடுத்தால் போதுமா, முழுக்க இடித்தே ஆக வேண்டுமா என்பதை வீட்டுக்காரர் சொல்வதைக் கேட்காமல் எப்படி முடிவு செய்வது? அந்த வழக்கில் ஒரு நீதிபதி 1723-ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றிலிருந்து ஆதாம் கதையை எடுத்துச் சொன்னார்: கடவுள்கூட ஆதாமைக் கூப்பிட்டு விசாரித்த பிறகுதான் தண்டித்தார். எல்லாம் அறிந்தவரே கேட்டிருக்கிறார், வட்டார வாரியத்துக்கு என்ன அவசரமோ!

இனி பம்பாய். நடைபாதைவாசிகளை அவரவர் ஊருக்கு அனுப்பப்போவதாக 1981 ஜூலையில் மகாராஷ்டிர முதல்வர் அந்துலே அறிவித்தார். சேலத்திலிருந்து 1961-இல் பிழைக்க வந்த ஒரு கூலித் தொழிலாளியின் குடிசையும் போயிற்று. குடும்பத்தோடு அவரைச் சேலத்துக்குப் பஸ் ஏற்றிவிட்டார்கள். மனைவி மக்களை ஊரில் விட்டுவிட்டு வேலை தேடித் திரும்பியவர், மறுபடியும் ஒரு நடைபாதைக் குடிசையில்தான் ஒண்டினார். ஓல்கா டெல்லிஸ் வழக்கு என்று பேசப்படுகிறதே, அதில் இவரும் ஒரு மனுதாரர்.

பம்பாய் மாநகராட்சிச் சட்டத்தின் 314-ஆம் பிரிவு, நோட்டீஸ் இல்லாமலே அகற்ற ஆணையருக்கு அதிகாரம் தருகிறது. 1985-இல் இந்த வழக்கில் தீர்ப்புச் சொன்ன உச்ச நீதிமன்றம் அந்தப் பிரிவை ரத்து செய்யவில்லை. அது அதிகாரமே ஒழியக் கட்டளை இல்லை. பொதுவாக நோட்டீஸ் கொடுக்க வேண்டும், கொடுக்காமல் விடுவது விதிவிலக்கு என்றது. கேட்டாலும் பதில் சொல்ல அவர்களிடம் ஒன்றும் இருக்காது என்ற வாதத்தையும் தள்ளியது. அதோடு நின்றிருக்கலாம். மாநகராட்சி தராத வாய்ப்பை நாங்களே இங்கே தந்துவிட்டோம் என்று சொல்லி, மழைக்காலத்துக்காக அக்டோபர் 31 வரை தள்ளிவைத்துவிட்டு, அகற்றவும் வழிவிட்டது. எனக்கு இது ஒட்டவில்லை. டெல்லியில் வழக்கறிஞர்கள் சட்டம் வாதாடுவதும், இந்தக் குடிசை யாருக்கு இடைஞ்சல், கொஞ்சம் தள்ளிப் போட இடம் உண்டா என்று அந்தத் தெருவில் நின்று விசாரிப்பதும் ஒன்றாகுமா?

2024 நவம்பர் 13 அன்று, புல்டோசர் இடிப்புகள் பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் நடைமுறையையே வகுத்துக் கொடுத்தது. பதிவுத் தபாலில் நோட்டீஸ், கட்டடத்திலும் ஒட்ட வேண்டும். 15 நாள் அவகாசம். நேரில் விசாரணை, அதில் பேசியதற்குப் பதிவு. இடிப்பைத் தவிர வேறு வழி ஏன் இல்லை என்று ஆணையிலேயே காரணம் எழுத வேண்டும். இடிக்குமுன் இப்படிக் கேட்டு யோசிப்பதுதான் கூப்பருக்குக் கிடைக்காமல் போனது. ஆணைக்குப் பிறகும் 15 நாள் பொறுக்க வேண்டும்.

ஆனால் சாலை, நடைபாதை, ரயில் பாதையோரம், நீர்நிலை போன்ற பொது இடங்களில் இருப்பவற்றுக்கு இந்த உத்தரவுகள் பொருந்தாது என்று அதே தீர்ப்பு சொல்லிவிட்டது. சேலத்துத் தொழிலாளி போன்ற ஒருவருக்கு அந்த 15 நாள் கிடையாது. அவர் காட்டக்கூடியது இன்றும் 1985 தீர்ப்புதான்.