ரூட்டர் இல்லாமல் ரூட்டர் பாடம்

ஹைதராபாத்தின் அமீர்பேட்டில் அண்ணாந்து பார்த்தால் வானத்தைவிட விளம்பரத் தட்டிகளே அதிகம். மைத்ரிவனம் கட்டடத்தைச் சுற்றிய சந்துகளில் கம்ப்யூட்டர் பயிற்சி நிலையங்கள், அவற்றை நம்பிப் பிழைக்கும் விடுதிகள், ஜெராக்ஸ் கடைகள். நெட்வொர்க் படிக்க வருபவரின் முதல் இலக்கு சிஸ்கோவின் சி.சி.என்.ஏ. சான்றிதழ். தேர்வுக் கட்டணமே 300 டாலர். வேலை தேடும் பட்டதாரிக்கு அதுவே மலைப்பு. பழகிப் பார்க்க நாலைந்து ரூட்டர்களை வாங்குவது நடக்காத காரியம்.

வழி பிறந்தது பிரான்சில். 2005இல் கிறிஸ்டோஃப் ஃபியோ எழுதிய டைனாமிப்ஸ் என்ற புரோகிராம், சாதாரண கம்ப்யூட்டரை சிஸ்கோ 7200 ரக ரூட்டராக நடிக்க வைத்தது. ஜெரமி கிராஸ்மன் உருவாக்கிய ஜி.என்.எஸ்.3 வந்ததும் வேலை இன்னும் சுலபம். திரையில் ரூட்டர்களை வைத்துக் கோடிழுத்தால் நெட்வொர்க் தயார். ஒரே தொல்லை, ரூட்டர் சும்மா இருக்கும் நேரத்தையும் டைனாமிப்ஸ் வேலை நேரமாகவே எண்ணிக்கொள்ளும். ‘ஐடில் பி.சி.’ என்ற எண்ணைச் சரியாகக் கொடுக்காவிட்டால் ஒற்றை ரூட்டரே பிராசஸரை விழுங்கிவிடும்.

இரண்டும் இலவசம். ஆனால் இவை வெறும் கூடு. உயிர், ஐ.ஓ.எஸ். எனும் சிஸ்கோ மென்பொருள். (ஐபோனில் இருப்பது வேறு, அந்தப் பெயரை ஆப்பிள் 2010இல் சிஸ்கோவிடம் உரிமம் பெற்றுத்தான் வைத்துக்கொண்டது.) அதன் முழு நகலைத்தான் மாணவர்கள் ‘இமேஜ்’ என்கிறார்கள். உரிமமோ ரூட்டர் வாங்கியவருக்கு. ரூட்டர் வாங்க முடியாதவருக்கான உபாயம், வாங்கியவரிடமே கையேந்தச் சொல்கிறது! ஆகவே இமேஜ் பென் டிரைவில் கைமாறுகிறது. படிப்புக்காகத்தான் என்றாலும் சட்டம் சட்டம்தான். வேலைக்குச் சேரும் முன்பே உரிம மீறல் பழக்கமாகிவிடுவது நல்ல தொடக்கமல்ல.

வேடிக்கை என்னவென்றால், சிஸ்கோவே 2009இல் சி.சி.ஐ.இ. செய்முறைத் தேர்வில் பழுது கண்டறியும் பகுதியைச் சேர்த்தபோது, மாணவர்முன் வைத்தது மென்பொருள் ரூட்டர்களைத்தான்.

நேர்வழியும் உண்டு. பாக்கெட் டிரேசர் இலவசம், சி.சி.என்.ஏ.வுக்குப் போதும், அதற்கு மேல் திணறும். 2020இல் சிஸ்கோ மாடலிங் லேப்ஸின் தனிநபர் பதிப்பு வந்தது: 20 கருவிகள், ஆண்டுக்கு 199 டாலர், இமேஜும் உரிமத்தோடு. பின்னர் ஐந்து கருவிகளுக்கு இலவசப் பதிப்பும் வந்தது. அடிப்படைகளுக்கு ஐந்து தாராளம். பெரிய நெட்வொர்க்கைக் கட்டிப் பார்க்க முடியாது. எஃப்.ஆர்.ஆர். போன்ற திறந்த மென்பொருளில் எத்தனை ரூட்டர்களையும் இணைத்து ஓ.எஸ்.பி.எஃப்., பி.ஜி.பி. பழகலாம், காசில்லாமல், பயமில்லாமல். ஆனால் தேர்வில் கேட்பது சிஸ்கோ கட்டளைகளை.