நிழலை ஆண்டவர், நிழலைத் துறந்தவர்

திரைப்படம் காண்போர் நடிகரைப் போற்றுவர், இயக்குநரை அறிவர், காட்சியைக் கண்டு நமக்குக் காட்டும் ஒளிப்பதிவாளரையோ நினைப்பதில்லை. அக்கலையில் இருமுறை புதுவழி கண்ட பெருமை கார்ல் பிராய்ண்டுக்கு உரியது.

1890ஆம் ஆண்டு, அன்று ஆஸ்திரிய-ஹங்கேரிப் பேரரசில் அடங்கியிருந்த பொஹீமியாவில் பிறந்த இவர், ஜெர்மனியின் பெர்லின் நகரில் வளர்ந்தார். இளமையிலேயே படம் காட்டுவோர்க்கு உதவியாளராகச் சேர்ந்து, பின்னர்ப் படம் பிடிக்கும் தொழிலில் புகுந்தார்.

பேசாப்பட நாளில் காமிரா பெரும்பாலும் நின்ற இடத்திலேயே நிற்கும். நடிகரே அதன்முன் வந்து போவர். 1924இல் மூர்னோ இயக்கிய 'கடைசி மனிதன்' என்னும் படம் அந்நிலையை மாற்றிற்று. பெரிய விடுதி ஒன்றின் வாயிற்காவலர், முதுமையால் பதவியிழந்து கழிவறைப் பணியாளராகத் தாழ்வதே அதன் கதை. கதையை விளக்கும் எழுத்து அப்படத்தில் ஏறத்தாழ இல்லை. காமிராவே கதை சொல்லிற்று. காவலர் குடித்து மயங்கும் காட்சிக்காகப் பிராய்ண்ட் காமிராவைத் தம் மார்பில் கட்டிக்கொண்டு தள்ளாடி நடந்தார். அதனால், குடித்தவரை மட்டுமன்றி, அவர் கண்ணில் சுழன்ற உலகையும் மக்கள் கண்டனர்.

'மெட்ரோபோலிஸ்' (1927) படத்தில் ரிட்டாவுடன் பணிபுரிந்தபின், 1929இல் பிராய்ண்ட் அமெரிக்கா சென்றார். அங்கே 'டிராகுலா' (1931) படத்தில் நிழலைக்கொண்டே அச்சமூட்டினார். 'நல்ல நிலம்' (1937) படத்துக்கு ஆஸ்கார் விருது பெற்றார்.

1951இல், அறுபது கடந்த பருவத்தில், 'ஐ லவ் லூசி' என்னும் தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடருக்கு அவரை அழைத்தனர். மக்கள் எதிரே அமர்ந்திருக்க, நாடகம்போல் நடிக்கவேண்டும். மூன்று காமிராக்கள் ஒரே நேரத்தில் படம் பிடிக்கவேண்டும். இதில் இடர்ப்பாடு யாது? அண்மைக் காட்சிக்கு ஏற்ற ஒளி, தொலைக் காட்சிக்குப் பொருந்தாது. தரையில் விளக்குகளை வைத்தாலோ காமிராக்கள் நகர வழியிராது. எனவே விளக்குகளை மேலே தொங்கவிட்டு, அரங்கெங்கும் ஒரே சீராக ஒளி பரவச் செய்தார். தொலைக்காட்சியில் கருமையும் வெண்மையும் மிகைப்பட்டுத் தோன்றும் ஆதலால், அரங்கப் பொருள்களுக்குச் சாம்பல் நிறச் சாயல்களே பூசப்பட்டன. அரங்கில் மக்கள் எதிரே பல காமிராக்கள்கொண்டு நகைச்சுவைத் தொடர் எடுக்கும் முறைக்கு இது வழிகாட்டிற்று.

1969இல் பிராய்ண்ட் மறைந்தார். நிழலால் புகழ்பெற்ற கலைஞர், நகைச்சுவைக்கு நிழல் வேண்டாம் என்று கண்டதும் அதனைத் துறந்தார். தாம் கற்ற அனைத்தையும் காட்டுவது புலமையன்று. பொருளுக்கு வேண்டியதை அறிந்து காட்டுவதே புலமை. வகுப்பறைக்கும் இது பொருந்தும்.