பேரப்பிள்ளைக்கு இருமல் டானிக்

அப்பத்தாவின் அலமாரி

கார்த்திகைத் தீபம் கழிந்து இருபத்தொன்றாம் நாள் வரும் பிள்ளையார் நோன்புக்கென்று சென்னையிலிருந்தும் சிங்கப்பூரிலிருந்தும் பிள்ளைகள் காரைக்குடிப் பக்கத்து வீடுகளுக்கு வந்து சேர்வதும், வளவில் இறங்கும் மார்கழிப் பனியில் ஓடி விளையாடிய குழந்தைக்கு மறுநாளே மூக்கு ஒழுகத் தொடங்குவதும், சென்ற வருஷம் மூத்த பேரனுக்கு வாங்கிய டானிக்கில் பாதி மிச்சம் இருக்கிறதே என்று அப்பத்தா அலமாரியைத் திறப்பதும் நம் பக்கத்தில் சர்வ சாதாரணமாக நடப்பவை. வாஞ்சையினால் செய்யும் காரியம்தான். ஆயினும் 2025 அக்டோபரில் வெளிவந்த செய்தியை அறிந்தவர்கள் அந்தப் புட்டியைப் பழைய நம்பிக்கையோடு திறப்பதற்கில்லை.

தித்திக்கும் விஷம்

காஞ்சிபுரம் மாவட்டத்தில் தயாராகி மத்தியப் பிரதேசத்துச் சிந்த்வாராவுக்குப் போன ‘கோல்ட்ரிஃப்’ என்னும் மருந்தை உட்கொண்ட குழந்தைகளில் இருபதுக்கும் மேற்பட்டோர் சிறுநீரகம் செயலற்று மாண்டார்கள். தமிழ்நாட்டு அரசு ஆய்வகம் எஸ்.ஆர்.-13 என்ற பேட்சைப் பரிசோதித்தபோது அதில் டைஎதிலீன் கிளைக்கால் 48.6 சதவீதம் இருந்தது. அனுமதிக்கப்படும் உச்ச அளவோ 0.1 சதவீதம். மருந்தைக் கரைக்கப் பயன்படும் புரோப்பிலீன் கிளைக்காலைத் தொழிற்சாலைத் தரத்தில் மலிவாக வாங்கும்போது, பார்வைக்கும் ருசிக்கும் பேதம் தெரியாத இந்த விஷம் கூடவே வந்துவிடக்கூடும். உடலினுள் அது அமிலமாக மாறிச் சிறுநீரகத்தின் நுண்குழல்களைச் சிதைக்கிறது. முதலில் வாந்தியும் வயிற்றுவலியும் மட்டுமே தோன்றுவதால், சளிக் காய்ச்சலின் சேஷ்டைதான் இது என்றெண்ணிப் பெற்றோர் இன்னொரு வேளை மருந்தை ஊற்றிக் கொடுத்துவிடுகிறார்கள் என்பதுதான் இதில் மிகக் கொடியது.

விபரீதம் புதிதன்று. 1937-இல் அமெரிக்காவில் நூற்றுக்கு மேற்பட்டோர் இதே விஷத்தால் மடிய, மறு வருஷமே அங்கு கடுமையான மருந்துச் சட்டம் பிறந்தது. 1972-இல் நம் சென்னையிலும், 1986-இல் பம்பாயிலும் இதே கதை. வாங்கிய பீப்பாயைத் திறந்து ஒரு சோதனை செய்தால் தீர்ந்துபோகும் விஷயத்துக்கு இத்தனை உயிர்கள் என்பதை எண்ணும்போது துக்கத்தைவிடச் சினமே மேலிடுகிறது.

கலப்படமற்ற மருந்தும்

விஷம் கலவாத டானிக் என்றால் கொடுக்கலாமோ எனில், அதற்கும் இப்போது தடை உண்டு. குளோர்பெனிரமினும் பினைலெஃப்ரினும் சேர்ந்த சளி மருந்துக் கலவையை நான்கு வயதுக்குட்பட்டோருக்குக் கொடுக்கலாகாது என்று லேபிளில் அச்சிடும்படி மத்திய மருந்துக் கட்டுப்பாட்டு அதிகாரி 2023 டிசம்பரிலேயே பணித்திருந்தார். 2025 அக்டோபரில், இரண்டு வயதுக்குட்பட்டவர்களுக்கு இருமல், சளி மருந்து எதுவும் எழுதக் கூடாது, ஐந்து வயதுவரையிலும் பொதுவாக அது வேண்டாம் என்று மத்திய சுகாதாரத் துறை அறிவித்தது. குழந்தைகளின் சளி பெரும்பாலும் வைரஸால் வருவது, தானே தணிவது. மருந்தினால் பெரிய பயன் விளைவதாக ஆராய்ச்சிகள் காட்டவில்லை. அதீத மயக்கமும் நெஞ்சுப் படபடப்பும் மட்டும் நேரலாம்.

ஒரு வயது நிறைந்த குழந்தைக்குச் சிறிது தேன் கொடுக்கலாம். அதற்கு முன் தேனும் ஆகாது. ஆடாதொடையை நினைத்துக்கொள்வோர்க்கு ஒரு செய்தி: இன்று மருந்துச் சீட்டில் எழுதப்படும் ஆம்பிராக்சால் அச்செடியின் சத்தான வாசிசினின் வழியில் பிறந்ததுதான், என்றாலும் கைக்குழந்தைக்குக் கஷாயம் புகட்ட அது அனுமதியாகிவிடாது.

பேட்ச் நம்பர்

மத்திய மருந்துத் தரக் கட்டுப்பாட்டு அமைப்பு மாதந்தோறும் வெளியிடும் தரமற்ற மருந்துப் பட்டியலில் மருந்தின் பெயரோடு பேட்ச் நம்பரும் காணப்படும். மருந்துக்கடைப் பில்லையும் அட்டைப்பெட்டியையும் வாங்கிய அன்றே குப்பையில் போடுகிறவருக்கும், டானிக்கை வேறு புட்டிக்கு மாற்றி வைக்கிறவருக்கும் அப்பட்டியல் உதவாது. போன வருஷம் திறந்த புட்டியைக் கொட்டிவிடுவதே உத்தமம்.

மருந்து கொடுத்தபின் குழந்தை ஓயாது வாந்தியெடுத்தாலோ, சோர்ந்து கிடந்தாலோ, மூத்திரம் வழக்கத்தைவிடக் குறைந்தாலோ, காரைக்குடி அரசு மருத்துவமனைக்கோ சிவகங்கை மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கோ தாமதியாமல் போக வேண்டும். போகும்போது அந்தப் புட்டியையும் கையோடு கொண்டுபோக வேண்டும். எந்த மருந்தின் பக்கவிளைவையும் 1800-180-3024 என்ற கட்டணமில்லா எண்ணில் பொதுமக்களே தெரிவிக்கலாம்.