மலைச்சரிவே கருவியாக

நுழையும்முன்

மனிதன் நெடுங்காலமாக வானத்தைக் கண்ணுக்குத் தெரியும் ஒளியால் மட்டுமே ஆராய்ந்துவந்தான். கண்ணுக்குப் புலப்படாத வானொலி அலைகளும் விண்வெளியின் செய்திகளைச் சுமந்து வருகின்றன என்பது இருபதாம் நூற்றாண்டில்தான் தெரியவந்தது. அவ்வலைகளைப் பெறுவதற்கு நீலகிரி மலையின் சரிவொன்றையே கருவியின் பகுதியாக்கியவர் கோவிந்த் சுவரூப். அவர்தம் வாழ்வையும் பணியையும் இப்பாடம் விளக்குகிறது.

கேளாத இரைச்சல்

தீபாவளிக்கு முந்தைய மாலையில் சென்னைத் தியாகராய நகரின் உஸ்மான் சாலையில் நடப்பவர்க்கு, உடன் வருபவர் பேசுவதும் காதில் விழாது. அதே சாலையில் காதுக்குக் கேளாத வேறோர் இரைச்சலும் நிறைந்திருக்கிறது. கைப்பேசிகளும் பண்பலை வானொலி நிலையங்களும் தொலைக்காட்சி நிலையங்களும் அனுப்பும் வானொலி அலைகளே அவ்விரைச்சல். தொலைதூர விண்மீன் திரள்களிலிருந்து புறப்பட்ட அலைகளும் அங்கே வந்து விழுந்துகொண்டுதான் இருக்கின்றன. ஆயினும் அவை மிகமிக நலிந்தவை. எனவே, அவற்றைப் பெற விரும்புவோர்க்கு இரண்டு தேவைகள் உண்டு. ஒன்று, நகரத்து இரைச்சல் எட்டாத இடம். மற்றொன்று, பரப்பால் மிகப் பெரிய கருவி.

விண்ணிலிருந்து வானொலி அலைகள் வருவதை அமெரிக்கப் பொறியாளர் கார்ல் ஜான்ஸ்கி 1933ஆம் ஆண்டில் உலகிற்கு அறிவித்தார். தொலைபேசித் தொடர்பில் குறுக்கிடும் இரைச்சலின் காரணத்தைத் தேடியபொழுது, அதில் ஒரு பகுதி பால்வீதியிலிருந்து வருவதை அவர் கண்டார். வானொலி வானியல் என்னும் துறை அவ்வாறு பிறந்தது.

கல்வியும் பயணமும்

கோவிந்த் சுவரூப் 1929ஆம் ஆண்டு மார்ச் 23ஆம் நாள் உத்தரப்பிரதேசத்தின் தாகூர்துவாரா என்னும் ஊரில் பிறந்தார். அலகாபாத் பல்கலைக்கழகத்தில் 1950இல் இயற்பியல் முதுகலைப் பட்டம் பெற்றார். பின்னர்ப் புதுதில்லியிலுள்ள தேசிய இயற்பியல் ஆய்வகத்தில் சேர்ந்தார். அங்கு இயக்குநராக இருந்தவர், தமிழ்நாட்டின் வத்திராயிருப்பில் பிறந்த இயற்பியல் அறிஞர் கே.எஸ். கிருஷ்ணன். ஆஸ்திரேலியாவில் வானொலி வானியல் வளர்ந்துவருவதை நேரில் கண்டு திரும்பிய அவர், இளைஞரான சுவரூப்பை அத்துறையின்பால் ஆற்றுப்படுத்தினார்.

சுவரூப் 1953இல் சிட்னி சென்று, சூரியனின் வானொலி அலைகளை ஆராய்ந்தார். அங்குப் பயன்பாடு முடிந்திருந்த 32 சிறிய பரவளையத் தட்டுகளை இந்தியாவுக்குக் கொடையாகத் தருமாறு வேண்டினார். கொடுக்க அவர்கள் இசைந்தனர். ஆனால், அவற்றைக் கப்பலில் கொண்டுவரும் செலவை யார் ஏற்பது என்னும் சிக்கலால் காலம் கடந்தது. தாயகம் திரும்பியும் கருவியின்றிக் காத்திருக்க நேர்ந்த சுவரூப், 1956இல் அமெரிக்கா சென்றார். ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்று, அங்கேயே பணியிலும் அமர்ந்தார்.

நால்வர் எழுதிய மடல்

வெளிநாட்டில் நல்ல பணி, தேர்ந்த கருவிகள், நிலையான ஊதியம் ஆகியவை வாய்த்திருந்தன. ஆயினும் 1961இல் சுவரூப், எம்.ஆர். குண்டு, டி.கே. மேனன், டி. கிருஷ்ணன் ஆகிய நான்கு இந்திய வானியலாளர்கள் ஒன்றிணைந்து தாயகத்துக்கு மடல் எழுதினர். இந்தியாவில் வானொலி வானியல் குழு ஒன்றை அமைக்க இடமளித்தால் திரும்பிவர ஆயத்தமாக இருப்பதாக அதில் தெரிவித்தனர். டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநர் ஹோமி பாபா 1962ஆம் ஆண்டின் தொடக்கத்திலேயே இசைவுத் தந்தி அனுப்பினார். சுவரூப் 1963இல் திரும்பி வந்தார். ஆஸ்திரேலியா அளித்த தட்டுகளைக் கொண்டு, மும்பைக்கு அருகிலுள்ள கல்யாணில் 1965இல் முதல் தொலைநோக்கி நிறுவப்பட்டது. ஆனால், அவர் உள்ளத்தில் அதனினும் மிகப் பெரிய திட்டம் உருவாகியிருந்தது.

நிலா மறைக்கும் நொடி

அக்காலத்து வானொலித் தொலைநோக்கிகளுக்கு ஒரு குறை இருந்தது. அலை வருவதை அறியலாம். அது வானத்தின் எப்புள்ளியிலிருந்து வருகிறது என்பதைத் துல்லியமாக அறிதல் அரிது. நிலவைக் கொண்டு இக்குறையைப் போக்கலாம் என்பதைச் சிரில் ஹசார்டு என்னும் அறிவியலாளர் 1962இல் ஆஸ்திரேலியாவின் பார்க்ஸ் தொலைநோக்கியில் மெய்ப்பித்தார்.

நிலவு வானில் நகரும்பொழுது அலை வரும் இடத்தை மறைத்தால், அலை நின்றுவிடும். நிலவு விலகியதும் மீண்டும் வரும். நிலவின் விளிம்பு எந்நொடியில் எங்கே இருக்கும் என்பது கணக்கால் முன்னரே தெரியும். ஆகவே, அலை மறைந்த நொடியையும் தோன்றிய நொடியையும் குறித்துக்கொண்டால் அது புறப்படும் இடம் தெளிவாகும். மறைவதற்கு எடுத்துக்கொள்ளும் நேரத்தைக் கொண்டு அதன் அளவையும் கணிக்கலாம்.

இம்முறையைப் பின்பற்ற, நிலவைப் பல மணிநேரம் தொடர்ந்து பார்க்கும் பெருங்கருவி தேவை. அத்தகைய கருவியை இந்தியா தானே வடிவமைத்துக் கட்ட இயலுமா? அவ்வினாவுக்குச் சுவரூப் கண்ட விடை, நிலத்தின் அமைப்பிலேயே இருந்தது.

சரிவைத் தேடி

தியாகராய நகரின் மொட்டைமாடி ஒன்றில் நின்று வடக்கே நோக்கினால், துருவ விண்மீன் அடிவானத்துக்கு மேல் ஏறத்தாழ 13 பாகை உயரத்தில் இருக்கும். சென்னையின் அகலக்கோடும் அதுவே. எந்த ஊரின் அகலக்கோடு எவ்வளவோ, அவ்வளவு உயரத்தில் அவ்வூரில் துருவ விண்மீன் அமையும். புவியின் சுழல் அச்சு ஏறத்தாழ அவ்விண்மீனை நோக்கியிருப்பதே இதற்குக் காரணம்.

நீண்ட தொலைநோக்கி ஒன்றை அத்திசை நோக்கிச் சாய்த்து அமைத்தால், அது புவியின் அச்சுக்கு இணையாகிவிடும். பின்னர்ப் புவி மேற்கிலிருந்து கிழக்காகச் சுழல, தொலைநோக்கியை அதன் நெடுக்கு அச்சில் எதிர்த்திசையில் மெல்லத் திருப்பினாலே போதும். வானில் நகரும் பொருளைத் தொடர்ந்து பார்க்கலாம். இங்கிலாந்து போன்ற வடபுல நாடுகளில் இச்சாய்வு ஐம்பது பாகைக்கும் மேலாகும். அரைக் கிலோமீட்டர் நீளமுள்ள கருவியை அவ்வாறு செங்குத்தாகச் சாய்த்து நிறுத்துதல் இயலாது. தென்னிந்தியாவிலோ பத்துப் பன்னிரண்டு பாகைச் சரிவே போதுமானது.

சுவரூப்பும் குழுவினரும் தென்னிந்திய மலைப்பகுதிகளில் அத்தகைய சரிவைத் தேடினர். உதகமண்டலத்துக்கு அருகிலுள்ள முத்தோரையில் அது கிடைத்தது. தென்வடலாக அமைந்த அச்சரிவின் சாய்வு ஏறத்தாழ 11 பாகை. அவ்விடத்தின் அகலக்கோடும் ஏறத்தாழ 11 பாகையே. சூழ்ந்திருந்த மலைகள் நகரங்களின் வானொலி இரைச்சலையும் தடுத்தன.

கம்பிகளாலான பரப்பு

உதகை வானொலித் தொலைநோக்கி 1970இல் இயங்கத் தொடங்கியது. அதன் நீளம் 530 மீட்டர். அகலம் 30 மீட்டர். வரிசையாக நிற்கும் 24 பரவளையச் சட்டங்கள் அதனைத் தாங்குகின்றன. உலோகத் தகடுகளுக்கு மாற்றாக, ஏறத்தாழ 1100 மெல்லிய துருப்பிடிக்காத எஃகுக் கம்பிகள் அச்சட்டங்களின்மேல் இழுத்துக் கட்டப்பட்டுள்ளன. அது பெறும் அலையின் நீளம் ஏறத்தாழ 92 சென்டிமீட்டர். கம்பிகளின் இடைவெளியோ சில சென்டிமீட்டர் மட்டுமே. அலைநீளத்தைவிட இடைவெளி மிகச் சிறியதாதலால், கம்பிகளின் வரிசையை அவ்வலை முழுப் பரப்பாகவே கொண்டு எதிரொளிக்கும். காற்று இடைவெளிகளின் வழியே கடந்துவிடும். எடை குறைந்தது, செலவும் குறைந்தது. ஒன்பதரை மணிநேரம் ஒரே பொருளைத் தொடர்ந்து நோக்கவும் முடிந்தது.

இத்தொலைநோக்கியைக் கொண்டு நிலவு மறைப்பு முறையில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட வானொலி மூலங்கள் ஆராயப்பட்டன. அவற்றின் அளவுகளை ஒப்பிட்டபொழுது, மிகத் தொலைவிலுள்ளவை அண்மையிலுள்ளவற்றினின்று வேறுபட்டிருப்பது புலனாயிற்று. தொலைவிலிருந்து வரும் அலை மிகப் பழங்காலத்தில் புறப்பட்டதாகும். எனவே, பேரண்டம் என்றும் மாறாதிருக்கவில்லை. காலப்போக்கில் மாறிவந்துள்ளது என்பதற்கு 1975ஆம் ஆண்டளவில் உதகையிலிருந்து ஒரு சான்று கிடைத்தது. பெருவெடிப்புக் கொள்கைக்கு அது வலுச்சேர்த்தது.

தொடர்ந்த பணி

ஒரு வெற்றியுடன் சுவரூப் நின்றுவிடவில்லை. புனேவுக்கு வடக்கே நாராயண்காவ் அருகே, 45 மீட்டர் விட்டமுள்ள 30 தட்டுகளைக் கொண்ட மாபெரும் மீட்டரலை வானொலித் தொலைநோக்கியை உருவாக்கும் பணிக்குத் தலைமையேற்றார். சுமார் 25 கிலோமீட்டர்ப் பரப்பில் பரந்து நிற்கும் அத்தட்டுகளும் மெல்லிய கம்பிவலையால் ஆனவை. உதகையில் கற்ற பாடம் அங்கும் பயன்பட்டது.

பத்மஸ்ரீ விருது அவருக்கு 1973இல் வழங்கப்பட்டது. இலண்டன் அரச கழகம் 1991இல் அவரைத் தன் உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தது. அவர் 2020ஆம் ஆண்டு செப்டம்பர் 7ஆம் நாள் புனேயில் மறைந்தார். உதகைத் தொலைநோக்கியோ இன்றும் உழைக்கிறது. சூரியனிலிருந்து புறப்படும் துகள் காற்று விண்வெளியில் பாயும் வகையை அது கண்காணித்து வருகிறது.

வளம் நிறைந்த நாடுகளின் கருவிகளை அவ்வாறே படியெடுக்க முயன்றிருந்தால், நம் நாடு நெடுங்காலம் பின்தங்கியே இருந்திருக்கும். நம்மிடம் என்ன இல்லை என்று எண்ணி அவர் ஓய்ந்துவிடவில்லை. நம்மிடம் இருப்பது எதற்குப் பயன்படும் என்று ஆராய்ந்தார். தலைமுறை தலைமுறையாக அங்கேயே இருந்த மலைச்சரிவு, அறிந்தவர் பார்வை பட்டதும் பேரண்டத்தின் பழமையை ஆராயும் கருவியாயிற்று.

கற்பவை கற்றபின்

1. உங்கள் ஊரின் அகலக்கோட்டை நிலப்படத்தில் கண்டறிந்து, அங்குத் துருவ விண்மீன் எவ்வளவு உயரத்தில் தோன்றும் எனக் கணக்கிடுக.

2. உங்கள் பகுதியின் நில அமைப்போ தட்பவெப்பமோ எவ்வகை அறிவியல் ஆய்வுக்குப் பயன்படும் என்பது குறித்து வகுப்பில் கலந்துரையாடுக.